எவரை அனுப்புவது? - அமெரிக்க விண்வெளி வீரர் தெரிவின் வரலாறு

1958ஆம் ஆண்டு டிசெம்பர் மாதத்தின் இறுதியில் ஐக்கிய அமெரிக்காவின் தலைநகரில் நிர்வாக முடிவொன்று எடுக்கப்பட்டது. விண்வெளிப் பயணத்தின் வரலாற்றை எழுதுவோர் பலர் அதனை ஓரிரு வரிகளிற் கூறிவிட்டு, றொக்கற்றுகளின் பேரொலியை நோக்கி விரைந்து சென்றுவிடுவர். விண்வெளிக்குச் செல்லவிருக்கும் அமெரிக்கர்கள் இராணுவத்தின் பரிசோதனை விமானிகளிடையே இருந்து மட்டுமே தெரிவு செய்யப்படுவர் என்பதே அம்முடிவு. அதனை எடுத்தவர் ஜனாதிபதி ஐசனோவர். அடுத்துவந்த இருபது ஆண்டுகளில் எவர் விண்வெளிக்குச் சென்றார், எவர் செல்லவில்லை, சந்திரனிற் கால்வைத்தவர்கள் எத்தகையோர் என்பனவற்றைப் பெரிதும் தீர்மானித்தது இம்முடிவேயாகும். விண்வெளியின் இயல்பு அத்தகையோரையே வேண்டி நின்றது என்று நாம் எண்ணப் பழகியுள்ளோம். உண்மையில் அதனை வேண்டியது விண்வெளியா, அன்றி அலுவலகத்தின் வசதியா என்பதே இக்கட்டுரை எழுப்ப விரும்பும் வினாவாகும்.

சோவியத் யூனியன் 1957 ஒக்டோபர் 4ஆம் நாள் ஸ்புட்னிக்கை ஏவியது. ஓராண்டு கழியுமுன் அமெரிக்கா நாசா எனப்படும் விண்வெளி நிர்வாகத்தைச் சட்டத்தால் நிறுவிற்று. 1958 ஒக்டோபர் முதலாம் நாள் அது இயங்கத் தொடங்கியது. படைத்துறை சாராத குடியியல் நிறுவனமாக அஃது அமையவேண்டும் என்பது ஐசனோவரின் உறுதியான விருப்பம். ஆகவே விண்வெளிப் பயணிகளையும் பகிரங்க விண்ணப்பத்தின் மூலமே திரட்டுவதென நாசா அலுவலர் முதலில் எண்ணினர். அவ்வாண்டு டிசெம்பரில் அவர்கள் தயாரித்த அறிவித்தலின் வரைவு இன்று படிப்போருக்கு வியப்பளிப்பது. விஞ்ஞான அல்லது பொறியியற் பட்டமும், இடர்களை ஏற்கும் மனத்திண்மைக்குச் சான்றும் உடையோர் விண்ணப்பிக்கலாம் என்றது அது. அத்தகைய சான்றுகளுக்கு எடுத்துக்காட்டாகப் பரிசோதனை விமானிகளோடு, பரீட்சார்த்த நீர்மூழ்கிகளிற் பணிபுரிந்தோரையும் துருவப் பிரதேசங்களை ஆராய்ந்தோரையும் அது சுட்டியது. ஆனால் அவ்வரைவும் ஆண்களை மட்டுமே அழைத்தது என்பதை மறைத்தலாகாது. கதவு அகலத் திறந்திருந்தது, ஆயினும் பாதிப்பேருக்கன்று.

அவ்வறிவித்தல் வெளிவரவேயில்லை. படைகளில் உள்ள பரிசோதனை விமானிகளே போதும் என ஜனாதிபதி கூறியதும் அலுவலர்கள் பெருமூச்சு விட்டிருப்பர். அவ்விமானிகளின் மருத்துவக் கோவைகளும் பணிக்குறிப்புகளும் பாதுகாப்புத் திணைக்களத்திலே அடுக்கி வைக்கப்பட்டிருந்தன. அவர்கள் கட்டளைக்குப் பணிபவர்கள். இரகசியம் காப்போர் என முன்னரே சோதிக்கப்பட்டவர்கள். ஆயிரக்கணக்கான விண்ணப்பங்களைப் பிரித்துப் படிக்கும் தொல்லையும் இல்லை. சோவியத் யூனியனுடன் போட்டியில் இறங்கிய நாடொன்றுக்குக் காலமே அரிய பொருளாயிருந்தது.

விதிகள் பின்வருமாறு அமைந்தன. வயது நாற்பதுக்குட்பட்டிருத்தல் வேண்டும். உயரம் 5 அடி 11 அங்குலத்தைத் தாண்டலாகாது. கலம் அத்துணைச் சிறியது. பொறியியற் பட்டம் அல்லது அதற்குச் சமமான தகைமை வேண்டும். பரிசோதனை விமானிகளுக்கான பயிற்சிப் பள்ளியிலே தேறியிருத்தல் வேண்டும். 1500 மணி நேரப் பறப்பு அனுபவமும் ஜெற் விமானம் செலுத்தும் தகுதியும் வேண்டும். இவற்றுள் உயர வரம்பு ஒன்றே கலத்தின் அளவிலிருந்து நேரடியாகப் பிறந்தது என்பதைக் கவனித்தல் தகும். ஏனையவை மனிதர் இட்ட எல்லைகள்.

508 பேரின் கோவைகள் பரிசீலிக்கப்பட்டன. 110 பேர் விதிகளுக்குப் பொருந்தினர். அவர்களுள் 69 பேர் வாஷிங்டனுக்கு அழைக்கப்பட்டனர்; போதிய எண்ணிக்கையினர் விருப்பம் தெரிவித்தமையால் எஞ்சியோர் அழைக்கப்படவில்லை. இறுதியில் 32 பேர் நியூ மெக்சிக்கோ மாநிலத்தின் அல்புகேர்க்கி நகரிலிருந்த லவ்லேஸ் மருத்துவ நிலையத்துக்கு அனுப்பப்பட்டனர். நிறையின்மை உடலை என்ன செய்யும் என எவரும் அறியாதிருந்த காலம் அது. எனவே மருத்துவர்கள் தமக்குத் தெரிந்த சோதனைகள் அனைத்தையும் செய்தனர். காதுக்குள் குளிர்நீர் ஊற்றித் தலைசுற்ற வைத்தனர். இறப்பர்க் குழாயை விழுங்கச் செய்தனர். களைத்து ஓயும்வரை மிதிவண்டி மிதிக்கவிட்டனர். பின்னர் ஒகையோ மாநிலத்து டேற்றன் நகரிலுள்ள விமானப்படை ஆய்வுகூடத்தில் 130 பாகை பரனைற் வெப்ப அறையில் இருத்தினர். ஓசையும் ஒளியும் புகாத அறையில் அடைத்தனர். உளவியலாளர் தந்த வினாத்தாளொன்றில் 'நான் யார்?' என்ற கேள்விக்கு இருபது விடைகள் எழுதவேண்டியிருந்தது. நம் ஞானியர் ஒருவிடைக்கே வாழ்நாளைச் செலவிட்ட வினா அது.

இச்சோதனைகள் எத்துணை துல்லியமானவை? 32 பேரில் அல்புகேர்க்கியிலேயே மருத்துவக் காரணத்தால் விலக்கப்பட்டவர் ஒருவரே. அவர் ஜேம்ஸ் லவல். அதே லவல் 1962 இல் இரண்டாம் குழுவிலே சேர்க்கப்பட்டு, 1968 இல் அப்பொலோ 8 கலத்திற் சந்திரனைச் சுற்றி, 1970 இல் வெடிப்புற்ற அப்பொலோ 13ஐப் பூமிக்கு மீட்டுவந்தவர். சோதனைகள் உடலை அளந்தன. அளக்க வேண்டியது எதுவென்பதை அன்று எவரும் அறியார்.

1959 ஏப்ரல் 9ஆம் நாள் எழுவரும் உலகுக்கு அறிமுகப்படுத்தப்பட்டனர். கடற்படையைச் சேர்ந்த ஸ்கொட் கார்ப்பென்டர், வோல்டர் ஷீரா, அலன் ஷெப்பேட். விமானப்படையைச் சேர்ந்த கோர்டன் கூப்பர், வேர்ஜில் கிறிசம், டொனல்ட் ஸ்லேற்றன். மரீன் படையைச் சேர்ந்த ஜோன் கிளென் என்போரே அவ்வெழுவர். எல்லோரும் வெள்ளையர், எல்லோரும் மணமானவர், எல்லோரும் தந்தையர். லைஃப் சஞ்சிகை ஐந்து இலட்சம் டொலருக்கு அவர்தம் சொந்தக் கதைகளின் உரிமையை வாங்கியது. அவர்கள் விண்வெளிக்குச் செல்வதற்கு ஈராண்டு முன்னரே நாட்டின் இலட்சிய ஆடவராக ஆக்கப்பட்டுவிட்டனர். அமெரிக்கர் அவர்களுக்குச் சூட்டிய பெயர் விண்மீன்களிடையே செல்லும் மாலுமி எனப் பொருள்படும் கிரேக்க வேர்ச்சொற்களால் ஆனது. நாமோ அதனைத் தமிழாக்குகையில் 'வீரர்' என்றோம். மூலச்சொல்லில் இல்லாத போர்க்களம் நம் சொல்லில் வந்து புகுந்தது. தெரிவின் வரலாற்றை நோக்கும்போது, தமிழ்ச் சொல்லே உண்மையை நெருங்கி நிற்கிறது எனத் தோன்றுகிறது.

இனிப் பயிற்சியை நோக்குவோம். பென்சில்வேனியாவின் ஜோன்ஸ்வில்லில் ஐம்பதடி நீளமான இரும்புக் கையொன்றின் நுனியிற் பொருத்திய கூண்டிலே அவர்கள் சுழற்றப்பட்டனர். கலம் மேலெழும்போதும் வளிமண்டலத்துள் மீளும்போதும் உடலை அழுத்தும் விசை அவ்வாறு பழக்கப்பட்டது. கிளீவ்லாந்தில் ஒன்றனுள் ஒன்றாய் அமைந்த மூன்று வளையங்கள் மூன்று அச்சுகளில் ஒரே வேளையிற் சுழன்றன. நடுவில் அமர்ந்தவர் கைப்பிடியொன்றினால் அச்சுழற்சியை அடக்கவேண்டும். நெவாடாப் பாலைவனத்தில் நீரின்றி நாட்களைக் கழிக்கவும் கற்றனர்.

எனினும் அவர்களை உறுத்தியது உடல்வருத்தம் அன்று. மேர்க்குரிக் கலம் தானாகவே இயங்குமாறு அமைக்கப்பட்டிருந்தது. உள்ளே இருப்பவர் மயங்கிக் கிடந்தாலும் அது சென்று திரும்பவேண்டும் என்பதே பொறியியலாளரின் நோக்கம். முதலிற் செல்லவிருந்தவை மனிதக் குரங்குகள். 1961 ஜனவரி 31ஆம் நாள் ஹாம் எனும் சிம்பன்சி சென்று திரும்பிற்று. எட்வேட்ஸ் விமானத் தளத்திலிருந்த ஏனைய பரிசோதனை விமானிகள் இதனைச் சொல்லி எள்ளிநகையாடினர். நாட்டின் மிகச்சிறந்த விமானிகளைத் தேடியெடுத்து, விமானியே தேவைப்படாத கலத்தில் ஏற்றுவதென்பது உள்ளபடியே விந்தையான முரண்பாடுதான்.

எழுவரும் அம்முரண்பாட்டைத் தமக்குச் சாதகமாகத் தீர்த்துக்கொள்ளப் போராடினர். முகத்துக்கு நேரே வெளிப்புறம் நோக்கும் சாளரம் வேண்டும் என்றனர். கையால் இயக்கும் வசதி கூடவேண்டும் என்றனர். 'கூடு' எனப் பொருள்படும் பெயரை விடுத்துக் 'கலம்' என்றே அழைக்கவேண்டும் என்றனர். 1961 மே 5ஆம் நாள் ஷெப்பேட் பதினைந்து நிமிடம் பறந்தபோது அச்சாளரம் பொருத்தப்பட்டிருக்கவில்லை. இரு சிறு வட்டத் துளைகளே இருந்தன. யூலையிற் பறந்த கிறிசமுக்குச் சாளரம் கிடைத்தது. இது வெறும் கண்ணாடித் துண்டுபற்றிய பிணக்கு அன்று. பயணியா, விமானியா என்ற வினாவே அதில் அடங்கியிருந்தது. தாம் விமானிகளே என நிறுவிவிட்டால், விமானி அல்லாதோருக்கு அங்கே இடமில்லை என்பதும் கூடவே நிறுவப்பட்டுவிடும்.

அவர்கள் அதனை நிறுவியும் காட்டினர். 1962 பெப்ரவரி 20ஆம் நாள் பூமியை மும்முறை வலம்வந்த கிளென், தன்னியக்கக் கட்டுப்பாடு பழுதுற்றபோது கலத்தைத் தம் கையாலே செலுத்தினார். 1963 மே மாதம் 22 முறை சுற்றிய கூப்பர், மின்தொகுதி செயலிழந்தபின் கையாலேயே கலத்தைத் திருப்பிக் கடலில் இறக்கினார். 1966 மார்ச் மாதத்தில் ஜெமினி 8 கலம் வினாடிக்கு ஒருமுறை என்னும் அளவுக்குக் கட்டுக்கடங்காது சுழன்றவேளை நீல் ஆம்ஸ்ட்ரோங் அதனை அடக்கி மீட்டார். இத்திறன்களைக் குறைத்து மதிப்பிடல் நேர்மையாகாது. ஆயினும் ஒன்றைக் கூறவேண்டும். பரிசோதனை விமானிகளால் அப்பணியை ஆற்றமுடியும் என்பதற்கே இவை சான்றாவன. பிறரால் ஆற்றமுடியாது என்பதற்கு இவை சான்றாகா. ஏனெனிற் பிறர் சோதிக்கப்படவேயில்லை.

இல்லை, சிலர் சோதிக்கப்பட்டனர். எழுவரையும் சோதித்த அதே மருத்துவர் லவ்லேஸ், பெண்களின் உடல் அவற்றைத் தாங்குமா என அறிய ஆவல்கொண்டார். 1960 பெப்ரவரியில் ஜெரி கொப் என்னும் பெண் விமானியை அவர் தம் நிலையத்துக்கு அழைத்தார். கொப் அப்போது இருபத்தெட்டு வயதினர். 7000 மணி நேரத்துக்கு மேற் பறந்தவர். எழுவருக்கு நிகழ்ந்த உடற்சோதனைகளில் அவர் தேறினார். அடுத்து ஒக்லகோமா நகரில் இருண்ட நீர்த்தொட்டியில் ஒலியும் ஒளியுமின்றி மிதக்கும் சோதனையில் 9 மணி 40 நிமிடம் இருந்தார். ஆண்களோ இருண்ட அறையில் மூன்று மணி நேரமளவே இருத்தப்பட்டவர்கள். 1961 இல் மேலும் பல பெண் விமானிகள் அழைக்கப்பட்டனர். கொப்பையும் சேர்த்துப் பதின்மூவர் தேறினர். இது நாசாவின் திட்டமன்று, தனியார் முயற்சி. அச்செலவின் பெரும்பகுதியை ஏற்றவர் புகழ்பெற்ற விமானி ஜக்குலின் கொக்ரன். புளோரிடாவின் பென்சகோலாவிலுள்ள கடற்படைத் தளத்தில் அடுத்த கட்டச் சோதனைகள் செப்டெம்பரில் நடைபெறவிருந்தன. நாசாவின் கோரிக்கையின்றித் தன் கருவிகளைத் தரமுடியாது எனக் கடற்படை கைவிரித்தது. நாசா கோரவில்லை. சில பெண்கள் அதற்காகத் தம் தொழிலையும் துறந்திருந்தனர்.

கொப்பும் ஜேனி ஹார்ட்டும் வாஷிங்டனில் ஒவ்வொரு கதவாகத் தட்டினர். விண்வெளி விடயங்களுக்குப் பொறுப்பாயிருந்த உப ஜனாதிபதி லிண்டன் ஜோன்சனை 1962 மார்ச்சில் அவர்கள் சந்தித்தனர். பெண் என்னும் காரணத்தால் எவரும் விலக்கப்பட்டுள்ளனரா என நாசாவின் தலைவரிடம் வினவும் கடிதமொன்றை ஜோன்சனின் உதவியாளர் எழுதி, ஒப்பத்துக்காக வைத்திருந்தார். ஜோன்சன் ஒப்பமிடவில்லை, இதனை இத்துடன் நிறுத்துவோம் என அதன்மீது தம் கைப்பட எழுதிக் கோவையிலே போட்டுவிட்டார். பல்லாண்டுகளின் பின்னரே அத்தாள் ஆய்வாளர் கண்ணிற் பட்டது. வெளியிற் புன்னகையும் கோவையில் மறுப்புமாக அரசியல் நடந்ததற்கு இதனிலும் தெளிவான சான்று வேண்டுவதில்லை.

அவ்வாண்டு யூலை 17, 18ஆம் நாட்களிற் பிரதிநிதிகள் சபையின் உபகுழுவொன்று இவ்விடயத்தை விசாரித்தது. மூன்று நாட்களுக்குத் திட்டமிட்ட விசாரணை இரண்டாம் நாளே முடித்துவைக்கப்பட்டது. நாசாவின் சார்பிற் சாட்சியமளித்தோர் கிளென்னும் கார்ப்பென்டரும். ஆடவர் போருக்குச் செல்கின்றனர், விமானங்களைச் செலுத்துகின்றனர், பின் அவற்றை வடிவமைக்கவும் சோதிக்கவும் உதவுகின்றனர். பெண்கள் இத்துறையில் இல்லாமை எமது சமூக ஒழுங்கின் ஓர் உண்மை என்னும் பொருள்படக் கிளென் கூறினார். இக்கூற்றைச் சற்று நின்று நோக்கவேண்டும். அவர் பொய் சொல்லவில்லை. பரிசோதனை விமானிப் பள்ளிகள் இராணுவத்துக்குரியவை. அங்கே பெண்கள் அனுமதிக்கப்படவில்லை. பள்ளியில் தேறாதார் விண்ணப்பிக்க முடியாது. ஆகவே தகுதியான பெண் எவரும் இல்லை. வாயிலைப் பூட்டிவிட்டு உள்ளே எவரும் வரவில்லையே எனக் கணக்கெடுக்கும் தருக்கம் இது.

இதில் இன்னொரு நுட்பமும் உண்டு. விதி கோரிய பொறியியற் பட்டம் 1959 இல் கிளென்னிடம் இருக்கவில்லை. போர் மூண்டபோது கல்லூரிப் படிப்பை இடைநடுவில் விட்டுச் சென்றவர் அவர். கார்ப்பென்டரும் இறுதிப் பாடமொன்று குறைவாயிருந்தமையாற் பட்டம் பெற்றிருக்கவில்லை. 'அல்லது அதற்குச் சமமான தகைமை' என்ற தொடர் இருவரையும் உள்ளே கொண்டுவந்தது. இருவருக்கும் பட்டம் வழங்கப்பட்டது விண்வெளிக்குச் சென்று திரும்பிய பின்னரே. பட்டத்துக்குச் சமமான தகைமை உண்டென ஏற்ற நிர்வாகம், பல்லாயிரம் மணி நேரப் பறப்பு பரிசோதனைப் பள்ளிக்குச் சமமாகலாம் என ஏற்கவில்லை. விதி எங்கே வளைந்தது, எங்கே வளைய மறுத்தது என்பதை ஆராய்வதே வரலாற்று மாணவர் கடன் என எண்ணுகிறேன்.

அடுத்த ஆண்டே, 1963 யூன் 16ஆம் நாள், வலன்ரினா தெரெஷ்கோவா விண்வெளி சென்று 48 முறை பூமியைச் சுற்றினார். ஆறு அமெரிக்கர் ஆறு மேர்க்குரிப் பயணங்களில் கழித்த மொத்த நேரத்தையும் அவர் தனியொருவராகவே விஞ்சினார். அவர் பரிசோதனை விமானி அல்லர். ஆலைத் தொழிலாளியாயிருந்து பரசூட்டிற் குதிக்கப் பழகியவர். சோவியத் அரசும் இதனைப் பிரசாரத்துக்கே பயன்படுத்திற்று. அடுத்த சோவியத் பெண் விண்வெளி செல்லப் பத்தொன்பது ஆண்டுகள் ஆயின. எனினும் விண்வெளி பரிசோதனை விமானியைத்தான் ஏற்கும் என்ற கூற்று அன்றோடு பொய்த்தது.

கறுப்பின மக்களின் நிலையோ வேறுவிதமான சிக்கல் உடையது. அமெரிக்கப் படைகளில் நிறப்பாகுபாட்டை ஒழிக்குமாறு ஜனாதிபதி ட்ரூமன் கட்டளையிட்டது 1948 யூலையிலேதான். பதினோராண்டின் பின் வந்த விதி, பல்லாண்டு ஜெற் அனுபவமும் பரிசோதனைப் பள்ளிப் பயிற்சியும் கேட்டது. விதியில் நிறம்பற்றிய ஒரு சொல்லும் இல்லை. இருக்கவேண்டிய தேவையும் இல்லை.

விமானப்படையைச் சேர்ந்த கப்டன் எட் டுவைற், கெனடி நிர்வாகத்தின் ஊக்குவிப்பால் எட்வேட்ஸ் தளத்துப் பயிற்சிப் பள்ளியிற் சேர்ந்தார். கறுப்பினப் பத்திரிகைகள் அவர் படத்தை முன்பக்கத்தில் இட்டன. விமானப்படை பரிந்துரைத்தோர் பட்டியலிலும் அவர் பெயர் இருந்தது. ஆனால் 1963 ஒக்டோபரில் நாசா தெரிந்த பதினால்வருள் அவர் இல்லை. பள்ளியின் தலைவராயிருந்த சக் யேகர், டுவைற்றின் திறமை போதாதென்றார். டுவைற்றோ தாம் திட்டமிட்டு ஒதுக்கப்பட்டதாக உரைத்தார். இவ்விரு கூற்றுகளுக்குமிடையே தீர்ப்புக் கூறுவது எளிதன்று. ஆனால் நாடு முழுவதிலும் ஒரேயொருவர்தான் அவ்வாயிலை எட்டமுடிந்தது என்பதில் இருவர்க்கும் கருத்து வேறுபாடிருக்க நியாயமில்லை. டுவைற் 1966 இல் விமானப்படையை விட்டு நீங்கிச் சிற்பக்கலையில் ஈடுபட்டுப் புகழ்பெற்றார். 2024 மே மாதம், தொண்ணூறாம் வயதில், தனியார் நிறுவனமொன்றின் கலத்தில் அவர் சில நிமிடங்கள் விண்வெளியைத் தொட்டு மீண்டார்.

றொபேட் லோறன்ஸ் என்பவரின் கதை இதனினும் துயரமானது. பௌதிக இரசாயனத்திற் கலாநிதிப் பட்டம் பெற்ற விமானி அவர். 1967 யூனில் விமானப்படை தான் தனியே நடத்திய விண்வெளி ஆய்வுகூடத் திட்டத்துக்கு அவரைத் தெரிந்தது. விண்வெளிப் பணிக்குத் தெரிவான முதற் கறுப்பின அமெரிக்கர் அவரே. அவ்வாண்டு டிசெம்பர் 8ஆம் நாள் பயிற்சி விமானமொன்று தரையில் மோதியபோது அவர் இறந்தார்.

இறப்பு இவ்வரலாற்றில் அரிதன்று. 1964 முதல் 1967 வரையான காலத்தில் நாசாவின் வீரர் எண்மர் மாண்டனர். ஒருவரேனும் விண்வெளியில் மாண்டாரல்லர். தியடோர் ஃபிறீமனின் விமானம் வாத்தொன்றுடன் மோதியது. எலியட் சீயும் சார்ள்ஸ் பசெற்றும் சென். லூயிஸ் நகரில் தாம் செலுத்தவிருந்த கலம் உருவாகிக்கொண்டிருந்த கட்டடத்தின் மீதே விமானத்துடன் மோதி இறந்தனர். 1967 ஜனவரி 27ஆம் நாள் ஏவுதளத்தில் நடந்த ஒத்திகையின்போது தீப்பற்றிக் கிறிசம், எட்வேட் வைற், றொஜர் சஃபி ஆகிய மூவரும் கலத்துள்ளேயே மடிந்தனர். ஹூஸ்டன் நகரின் புறத்தே அடுத்தடுத்த வீடுகளில் வாழ்ந்த மனைவியர், பயணங்கள் நிகழும்போது வீட்டில் வைத்த ஒலிபெருக்கிப் பெட்டியில் கணவரின் குரலைக் கேட்டவாறிருப்பர். பயிற்சி நாட்களில் அப்பெட்டியும் இல்லை; வாசலில் வந்துநிற்கும் காரைக் கண்டே அவர்கள் அஞ்சினர்.

1971 இல் அப்பொலோ 15 வீரர் சந்திரனில் ஒரு சிறு உலோக உருவத்தையும் பதினான்கு பெயர்கள் பொறித்த தகடொன்றையும் வைத்துவந்தனர். மாண்ட அமெரிக்கர் எண்மரோடு சோவியத் வீரர் அறுவரின் பெயர்களும் அதிலிருந்தன. பகைமை அங்கே தணிந்திருந்தது பாராட்டுக்குரியது. லோறன்ஸின் பெயர் அதில் இல்லை. கென்னடி விண்வெளி நிலையத்திலுள்ள நினைவுக்கல்லில் அவர் பெயர் 1997 டிசெம்பரிலேதான் பொறிக்கப்பட்டது.

மூன்றாவதாக விலக்கப்பட்டோர் விஞ்ஞானிகள். பரிசோதனைப் பள்ளியிற் தேறியிருக்கவேண்டும் என்ற விதி 1963 இல் தளர்ந்தது. அவ்வாறு உள்ளே வந்தவர் எட்வின் ஒல்ட்றின். விண்வெளியிற் கலங்கள் ஒன்றையொன்று சந்திப்பது பற்றி ஆராய்ந்து கலாநிதியானவர். 1962 இல் அவ்விதியாலேயே விலக்கப்பட்டவர் அவர். ஜெமினிப் பயணங்களில் கலத்துக்கு வெளியே பணிபுரிந்தோர் களைத்துச் சோர்ந்தபோது, நீச்சற் குளத்தின் நீரடியிற் பயின்று 1966 நவம்பரில் அப்பணியைச் சிரமமின்றிச் செய்துகாட்டியவரும் அவரே. ஆனால் அவரும் போர் விமானி.

விஞ்ஞானிகளையே தெரியவேண்டும் என்ற வற்புறுத்தலின் பயனாக 1965 யூனில் அறுவர் தெரிவாகினர். அவர்களுள் விமானம் செலுத்தத் தெரியாதோர் உடனடியாக ஏறத்தாழ ஓராண்டு விமானப்படைப் பள்ளிக்கு அனுப்பப்பட்டனர். சந்திரனின் கற்களை ஆராயவேண்டியவர் முதலில் ஜெற் விமானம் செலுத்தக் கற்கவேண்டும். 1967 இல் மேலும் பதினொருவர் வந்தனர். அப்போது வீரர்களுக்குப் பொறுப்பாயிருந்தவர் ஸ்லேற்றன். இதயத் துடிப்பின் ஒழுங்கீனத்தால் 1962 இல் தாமே பறக்கவியலாது தடுக்கப்பட்டு, எவர் பறப்பது எனத் தீர்மானிக்கும் இடத்தில் அமர்ந்தவர். புதியோர் தேவைக்கு மிஞ்சியவர் என்பதை அவர் ஒளிக்கவில்லை. அவர்களும் தம்மை 'மிகையான பதினொருவர்' என்றே நகைச்சுவையாக அழைத்துக்கொண்டனர்.

மறுபுறம் விமானிகளுக்குப் புவிச்சரிதவியல் கற்பிக்கப்பட்டது. இதனைத் தொடக்கிவைத்த யூஜின் ஷூமேக்கர் தாமே சந்திரனுக்குச் செல்லக் கனவுகண்டவர். நோயினால் அது கைகூடாமற் போயிற்று. 1964 முதல் வீரர்கள் அரிசோனாவின் பெரும் பள்ளத்தாக்கிலும் எரிகல் விழுந்த குழியிலும் பாறைகளைப் படித்தனர். ஐஸ்லாந்துக்கும் ஹவாய்க்கும் சென்றனர். வகுப்பறை விரிவுரை அவர்களுக்குக் கசந்தது. கலிபோர்னியப் பேராசிரியர் லீ சில்வர் அவர்களை மலைச்சாரல்களில் நடக்கவிட்டுக் கண்டதை வானொலியிற் சொல்லுமாறு பணித்தபோதே ஆர்வம் பிறந்தது. எகிப்திற் பிறந்த ஃபாறூக் எல்-பாஸ் மேலிருந்து நிலத்தைப் படிக்கக் கற்பித்தார். இதன் பயனை மறுக்கமுடியாது. அப்பொலோ 15 இன் டேவிட் ஸ்கொட்டும் ஜேம்ஸ் ஏர்வினும் நானூறு கோடி ஆண்டுக்கும் மேற்பட்ட வெண்பாறையொன்றைக் கண்டவுடன் அதன் அருமையை உணர்ந்தனர். இருவரும் விமானிகள். விமானியைப் புவிச்சரிதவியலாளன் ஆக்குவது எளிதா, புவிச்சரிதவியலாளனை விமானி ஆக்குவது எளிதா என்னும் விவாதத்தில் இரு பக்கத்திலும் நியாயம் இருந்தது என்றே சொல்லவேண்டும்.

அவ்விவாதத்தைத் தீர்த்தது தருக்கமன்று, வரவு செலவுத் திட்டமே. 1970 இல் இறுதிப் பயணங்கள் வெட்டப்பட்டன. ஒரு விஞ்ஞானிகூடச் செல்லாமலே சந்திரப் பயணங்கள் முடிந்துவிடும் என்ற நிலையில் விஞ்ஞானிகள் குரலெழுப்பினர். 1971 ஓகஸ்டில் அப்பொலோ 17 குழுவிலிருந்து பரிசோதனை விமானி ஜோ எங்கிள் விலக்கப்பட்டு, புவிச்சரிதவியற் கலாநிதி ஹரிசன் ஷ்மிற் சேர்க்கப்பட்டார். எங்கிள் தவறேதும் செய்தவரல்லர். பலகாலம் உழைத்த அவருக்கும் இது நீதியன்று. 1972 டிசெம்பரில் ஷ்மிற் சந்திரனிற் செம்மஞ்சள் நிற மண்ணைக் கண்டார். ஏறத்தாழ 360 கோடி ஆண்டுகளுக்கு முன் எரிமலை உமிழ்ந்த கண்ணாடித் துகள்கள் அவை எனப் பின்னர் அறியப்பட்டது. சந்திரனில் நடந்தோர் பன்னிருவர். விஞ்ஞானியாகத் தெரிவானவர் அவர் ஒருவரே. அவரும் கடைசிப் பயணத்திலேதான்.

1976 யூலையில் விண்வெளி ஓடத்துக்காக நாசா மீண்டும் விண்ணப்பம் கோரியது. 1964ஆம் ஆண்டுக் குடியியல் உரிமைச் சட்டமும் 1972ஆம் ஆண்டுத் தொழில்வாய்ப்புச் சமத்துவச் சட்டமும் இடையில் வந்திருந்தன. ஓடத்தைச் செலுத்தும் விமானிகள், ஆய்வுப்பணி ஆற்றும் பணி நிபுணர்கள் என இரு வகுப்புகள் வகுக்கப்பட்டன. 8079 பேர் விண்ணப்பித்தனர். 1978 ஜனவரி 16ஆம் நாள் அறிவிக்கப்பட்ட 35 பேரில் அறுவர் பெண்கள், மூவர் கறுப்பினத்தவர், ஒருவர் ஜப்பானிய வழித்தோன்றல். 1983 யூனில் சலி றைட்டும் ஓகஸ்டில் கயன் புளூஃபோட்டும் விண்வெளி சென்றனர். 1986 ஜனவரி 28ஆம் நாள் சலெஞ்சர் ஓடம் சிதறியபோது மாண்ட எழுவருள் நால்வர் இக்குழுவினர்; அவர்களுள் யூடித் றெஸ்னிக், றொனல்ட் மக்நயர், எலிசன் ஒனிசூக்கா மூவரும் 1959ஆம் ஆண்டு விதியின்கீழ் விண்ணப்பிக்கவே முடியாதிருந்தவர்கள்.

ஆனால் அக்குழுவின் இரு வகுப்புகளையும் பிரித்து நோக்கினாற் பழைய விதி முற்றாக மறையவில்லை என்பது தெரியவரும். அறுவர் பெண்களும் பணி நிபுணர்களே. விமானி வகுப்புக்கு ஜெற் விமானத்தைத் தலைமையேற்றுச் செலுத்திய 1000 மணி நேரம் வேண்டும் என்ற நிபந்தனை நீடித்தது. பதினைந்து விமானிகளுள் ஃபிறெட் கிறெகரி என்னும் கறுப்பினத்தவர் ஒருவர் இருந்தார். ட்ரூமனின் கட்டளை பிறந்து முப்பதாண்டு கழிந்தபின் அதன் பயன் அவ்விடத்தை எட்டியிருந்தது. பெண்களுக்கோ விமானப்படை தன் விமானிப் பயிற்சியை 1976 இலேதான் திறந்துவிட்டது. அவ்வழியே வந்து பரிசோதனை விமானிப் பள்ளியிலும் தேறிய ஐலீன் கொலின்ஸ் 1990 இல் தெரிவாகி, 1995 பெப்ரவரி 3ஆம் நாள் டிஸ்கவரி ஓடத்தின் விமானி ஆசனத்தில் அமர்ந்தார். பதின்மூவரில் அன்று வாழ்ந்திருந்த பலர் அவரது அழைப்பின்பேரில் அவ்வேவுதலைக் காண வந்திருந்தனர்.

1998 ஒக்டோபரில் ஜோன் கிளென், முதுமையும் நிறையின்மையும் பற்றிய ஆய்வுக்கென, 77ஆம் வயதில் மீண்டும் விண்வெளிக்கு அனுப்பப்பட்டார். அவ்வாய்வில் ஒரு பெண்ணின் உடலும் இடம்பெறவேண்டும், அதற்கு ஜெரி கொப் அனுப்பப்படல் வேண்டும் எனப் பெண்கள் அமைப்புகள் அவ்வாண்டில் இயக்கம் நடத்தின. நாசா இணங்கவில்லை. 1999 யூலையிற் கொலின்ஸ் கொலம்பியா ஓடத்தின் தலைமைப் பொறுப்பை ஏற்றார். கொப் 2019 மார்ச்சில், விண்வெளிக்குச் செல்லாமலே, காலமானார்.